கிளிக் முதல் பேக்ஸ்டாப் வரை: ராணுவக்காரர் போல தூரம் அளந்து, திசை பிடித்து நடக்கப் பழகுவது எப்படி?

அமெரிக்கப் போர்ப் படம் பார்க்கிறவர்களுக்கும் ராணுவ கேம் ஆடுகிறவர்களுக்கும் "இரண்டு கிளிக் வடக்கே" என்கிற பேச்சு காதில் விழுந்திருக்கும். கிளிக் என்றால் கிலோமீட்டர். வியட்நாம் போர்க் காலத்தில் அமெரிக்கச் சிப்பாய்கள் வாயில் புழங்கிப் பரவிய சொல் அது. அர்த்தம் தெரிந்துவிட்டது, சரி. ஆனால் செல்போனும் ஜி.பி.எஸ்ஸும் இல்லாத காலத்தில், மரம் மறைக்கும் காட்டுக்குள், முதுகில் 20 கிலோ மூட்டையோடு நடந்த ஒருவனுக்குத் தான் இரண்டு கிளிக் வந்துவிட்டோம் என்று எப்படித் தெரிந்தது?

அதைத்தான் இங்கே படிப்படியாகச் சொல்லப்போகிறேன். இந்தச் சொற்களை வெறுமனே மனப்பாடம் செய்தால் ஒரு வாரத்தில் மறந்துபோகும். ஒவ்வொரு சொல்லுக்குப் பின்னாலும் காலோ கையோ கண்ணோ செய்கிற ஒரு வேலை இருக்கிறது, அந்த வேலையைச் செய்து பழகிவிட்டால் சொல் தானாக ஒட்டிக்கொள்ளும். மலையேற்றம் போகிறவர்கள், என்.சி.சி.யில் மேப் ரீடிங் வகுப்பில் திணறுகிறவர்கள், போர்க் கதை எழுதுகிறவர்கள் எல்லோருக்கும் இது உதவும். அமெரிக்க ராணுவத்தின் முறையையே அடிப்படையாக வைத்துக்கொள்கிறேன், அவர்கள் இந்தப் பாடத்துக்கு வைத்திருக்கும் பெயர் லேண்ட் நேவ் (லேண்ட் நேவிகேஷன் என்பதன் சுருக்கம், தரையில் வழி கண்டு நடப்பது).

முதலில் ஒரு சின்ன விஷயம். அமெரிக்கர்கள் ஊருக்குள் மைலில் பேசுகிறவர்கள், ராணுவத்தில் மட்டும் ஏன் கிலோமீட்டர்? ராணுவ வரைபடத்தைப் பார்த்தால் புரிந்துவிடும். அதில் குறுக்கும் நெடுக்கும் கோடு போட்டுக் கட்டம் கட்டமாகப் பிரித்திருப்பார்கள், 1:50,000 அளவு வரைபடத்தில் ஒரு கட்டத்தின் பக்கம் சரியாக 1 கிலோமீட்டர், தாளில் அது 2 சென்டிமீட்டர். ஆக ஒரு கட்டத்தைத் தாண்டினால் ஒரு கிளிக். கட்டத்தை எண்ணினாலே தூரம் கைக்கு வந்துவிடுகிறது. (புதிதாகச் சேர்ந்த சிப்பாயிடம் "ஸ்டோருக்குப் போய் ஒரு பெட்டி கிரிட் ஸ்கொயர் வாங்கி வா" என்று அனுப்பிவைப்பது அங்கே பல காலமாக நடக்கிற சேட்டை. கிரிட் ஸ்கொயர் என்பது இந்தக் கட்டம்தான், அது பெட்டியில் கிடைக்காது.)

முதல் வேலை: உங்கள் பேஸ் கவுண்ட்டைக் கண்டுபிடியுங்கள்

எதையும் கடையில் வாங்குவதற்கு முன்னால் இதைச் செய்யுங்கள். பேஸ் கவுண்ட் என்பது 100 மீட்டர் நடக்க உங்களுக்கு எத்தனை காலடி ஆகிறது என்கிற எண். நம்மூரில் தப்படி போட்டு வயலையும் மனையையும் அளப்பார்களே, அதே வேலைதான், ஆனால் இங்கே இரண்டு காலையும் எண்ண வேண்டாம். இடது காலைத் தூக்கி நடையைத் தொடங்கி, பிறகு ஒரே கால் (வலதோ இடதோ, ஏதாவது ஒன்று) தரையைத் தொடும்போது மட்டும் ஒன்று, இரண்டு என்று எண்ணுங்கள். எண்ணிக்கை பாதியாகிவிடும், மனதில் வைத்துக்கொள்வதும் சுலபம். ரோமானியப் படைகளும் இப்படி இரட்டைக் காலடியைத்தான் எண்ணின, அவர்களுடைய ஒரு மைல் என்பது 1000 இரட்டைக் காலடி.

பள்ளி மைதானத்தில் 100 மீட்டர் ஓட்டப் பந்தயத்துக்குக் கோடு போட்டிருந்தால் வேலை மிச்சம். இல்லையென்றால் கட்டடக்காரர்கள் வைத்திருக்கும் நீள டேப்பை வாங்கி அளந்து, இரண்டு முனையிலும் கல் வையுங்கள். அப்புறம் இயல்பான நடையில் போய்விட்டுத் திரும்பி வாருங்கள். நடையைக் கூட்டவும் வேண்டாம், குறைக்கவும் வேண்டாம். நாலைந்து தடவை நடந்து சராசரி எடுத்தால் பெரும்பாலானவர்களுக்கு 60-க்கும் 70-க்கும் நடுவில் ஒரு எண் வரும். குள்ளமானவர்களுக்குக் கொஞ்சம் கூடும். உங்கள் எண் 64 என்று வைத்துக்கொள்வோம், கட்டுரை முழுக்க அதையே பயன்படுத்துகிறேன்.

இங்கேதான் புதிதாகப் பழகுகிறவர்கள் நிறுத்திவிடுகிறார்கள், அது போதாது. மைதானத்தில் வந்த 64 என்பது மைதானத்துக்கு மட்டும்தான் 64. மேட்டில் ஏறும்போது காலடி குறுகும், அதனால் எண்ணிக்கை கூடும். சரிவில் இறங்கும்போது காலடி நீளும். மணலிலும் சரளையிலும் குறுகும், எதிர்க்காற்றில் குறுகும், இரவில் காலைத் தடவித் தடவி வைப்பதால் நன்றாகவே குறுகும். முதுகில் மூட்டை ஏறினாலும் மாறும். ஆகவே அதே 100 மீட்டரை ஒரு மேட்டில் ஒரு முறை, பை நிறையத் தண்ணீர் பாட்டில் போட்டுக்கொண்டு ஒரு முறை, இருட்டிய பிறகு ஒரு முறை என்று நடந்து, ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக எண் எழுதிக்கொள்ளுங்கள். "சமதளம் 64, ஏற்றம் 75, இரவு 72" என்று உள்ளட்டையில் எழுதி வைத்த ஒரு நோட்டு, விலை உயர்ந்த கடிகாரத்தைவிட உங்களுக்கு அதிகமாக உழைக்கும் என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

எண்ணிக்கை தவறாமல் இருக்க மணி கட்டுங்கள்

64 வரை எண்ணுவது பெரிய காரியமில்லை. எத்தனை 64 ஆயிற்று என்பதுதான் குழம்பும். பேச்சுக் கொடுத்தால் மறந்துபோகும், வழுக்கினால் மறந்துபோகும். இதற்கு அமெரிக்கச் சிப்பாய்கள் வைத்திருக்கும் கருவி ரேஞ்சர் பீட்ஸ். பாராசூட் கயிற்றில் இறுக்கமாக நகரும்படி கோத்த மணிகள், கீழே 9, நடுவில் ஒரு முடிச்சு, மேலே 4. ஒவ்வொரு 100 மீட்டருக்கும் கீழ் மணியில் ஒன்றை இழுத்து விடுவார்கள். ஒன்பதும் இழுத்தாயிற்று என்றால் 900 மீட்டர். அடுத்த 100 முடிந்ததும் மேல் மணியில் ஒன்றை இழுத்து, கீழ் ஒன்பதையும் பழைய இடத்துக்கே தள்ளிவிடுவார்கள். மேல் மணி ஒன்று நகர்ந்தால் ஒரு கிளிக். நாலு மேல் மணியும் ஒன்பது கீழ் மணியும் இறங்கியிருந்தால் 4,900 மீட்டர், அடுத்த நூறோடு ஐந்து கிளிக் முடிந்து மறுபடி முதலிலிருந்து.

கடையில் தேட வேண்டாம். கனமான நாடா ஒன்றும், அதன் இரட்டைச் சரடு இறுக்கமாக நுழைகிற பாசிமணி 13-ம் இருந்தால் வீட்டிலேயே பத்து நிமிடத்தில் கட்டிவிடலாம். மணி தானாக வழுக்கக் கூடாது, அது ஒன்றுதான் நிபந்தனை. மணி இல்லாதவர்கள் சட்டைப் பையில் பத்துக் கூழாங்கல் போட்டுக்கொண்டு, நூறு மீட்டருக்கு ஒன்றாக அடுத்த பைக்கு மாற்றினாலும் வேலை நடக்கும்.

இந்த உத்தி அமெரிக்கர்களுக்கு ரொம்ப முன்னாலேயே நம் நாட்டில் இருந்தது. வெளிநாட்டவர் நுழையத் தடை இருந்த திபெத்தை ரகசியமாக அளக்க, இந்திய நில அளவைத் துறையின் கேப்டன் மாண்ட்கோமரி இமயமலைப் பகுதி ஆட்களை டேராடூனில் பயிற்சி கொடுத்து அனுப்பினார். அவர்களில் ஒருவர் குமாவுன் பகுதியைச் சேர்ந்த நைன் சிங். புத்த யாத்திரிகர்களின் ஜெபமாலையில் 108 மணி இருக்கும், இவர் கையில் இருந்ததில் 100. நூறு காலடிக்கு ஒரு மணியை நகர்த்தினார், மாலை ஒரு சுற்று வந்தால் 10,000 காலடி. ஒரே அளவாகக் காலடி வைக்கும்படி பழக்கியிருந்தார்கள். ஜெபச் சக்கரத்துக்குள் மந்திரத் தாளுக்குப் பதிலாகக் குறிப்புத் தாள். 1865-ல் கிளம்பி 1866 தொடக்கத்தில் லாசாவை அடைந்தார். பல மாதக் கணக்கில் மலையும் பனியும் கடந்து காலடி எண்ணிய அந்த மனிதரை நினைத்தால், 64 வரை எண்ணச் சோம்பல் வராது. 1877-ல் லண்டன் ராயல் ஜியாகிரபிகல் சொசைட்டி அவருக்குத் தங்கப் பதக்கம் கொடுத்தது.

வரைபடத்தில் இடம் சொல்லப் பழகுங்கள்

"கிரிட் கொடு" என்று ரேடியோவில் கேட்டால், நீ இருக்கிற இடத்தின் எண்ணைச் சொல் என்று பொருள். விதி ஒன்றுதான்: முதலில் வலப்பக்கம் படி, பிறகு மேலே படி. கட்டத்தின் இடது கோட்டு எண்ணை முதலிலும், கீழ்க்கோட்டு எண்ணை அடுத்தும் சொன்னால் நாலு இலக்கம், அது ஒரு முழுக் கட்டத்தை, அதாவது ஒரு கிலோமீட்டர் சதுரத்தைக் குறிக்கும். கட்டத்தை மனதுக்குள் பத்தாகப் பிரித்து, இரண்டு பக்கமும் ஒவ்வொரு இலக்கம் சேர்த்தால் ஆறு இலக்கம், 100 மீட்டருக்குள் இடம் வந்துவிடும். எட்டு இலக்கம் என்றால் 10 மீட்டர். பத்து இலக்கம் என்றால் 1 மீட்டர். நடந்து போகிறவருக்கு ஆறு போதும், எட்டு இருந்தால் ரொம்ப நல்லது. வலம், மேலே என்கிற வரிசை மாறிவிட்டால் பல கிலோமீட்டர் தள்ளிப் போய்விடும் என்பதால் இதை மட்டும் தூக்கத்தில் கேட்டாலும் சொல்கிற அளவுக்குப் பழகுங்கள்.

இந்தக் கட்ட முறைக்கு எம்.ஜி.ஆர்.எஸ். (மிலிட்டரி கிரிட் ரெஃபரன்ஸ் சிஸ்டம்) என்று பெயர். உலகத்தையே அது பட்டை பட்டையாகப் பிரித்து எண்ணும் எழுத்தும் கொடுத்திருக்கிறது. சென்னை 44P, கோயம்புத்தூர் 43P, நடுவில் 78 டிகிரி தீர்க்கரேகை ஓடுகிறது. நம் நில அளவைத் துறையின் 1:50,000 வரைபடத்திலும் 2 சென்டிமீட்டர்தான் ஒரு கிலோமீட்டர், சமஉயரக் கோடுகளும் (ஒரே உயரத்தில் உள்ள இடங்களை இணைக்கும் கோடுகள்) இருக்கும். கட்டம் வேண்டுமென்றால் எம்.ஜி.ஆர்.எஸ். கட்டம் காட்டுகிற செல்போன் மேப் ஆப் ஒன்றிலிருந்து உங்கள் ஊர்ப் பகுதியை பிரிண்ட் எடுத்துக்கொள்ளுங்கள்.

சமஉயரக் கோடுகளைப் படிக்க, உங்கள் கையை முஷ்டியாக மடக்கி முன்னால் வைத்துப் பாருங்கள். முட்டி எலும்பு ஒவ்வொன்றும் ஒரு குன்று. இரண்டு முட்டிக்கு நடுவே தாழ்ந்திருக்கிறதே, அது சேடில், நம் பேச்சில் கணவாய். முட்டியிலிருந்து கீழே இறங்குகிற விரல் ஸ்பர், அதாவது மலையிலிருந்து நீண்டு இறங்கும் மேடு. இரண்டு விரலுக்கு நடுவில் உள்ள இடுக்கு டிரா, மழை பெய்தால் தண்ணீர் இறங்குகிற பள்ளம். வரைபடத்தில் இந்த இரண்டும் ஒரே மாதிரி வளைந்த கோடாகத் தெரிவதால் குழம்பும்: வளைவின் முனை உச்சியைப் பார்த்தால் பள்ளம், அடிவாரத்தைப் பார்த்தால் மேடு. பேனாவால் உங்கள் முஷ்டியின் மேலேயே வட்டம் வட்டமாகக் கோடு வரைந்து, கையைத் தட்டையாக விரித்துப் பாருங்கள், ஒரே நிமிடத்தில் புரிந்துவிடும்.

திசைமானியைப் பிடிக்கும் விதம்

அசிமுத் என்பது வடக்கிலிருந்து கடிகாரம் சுற்றும் பக்கமாக எண்ணுகிற கோணம், நம்மூர் என்.சி.சி. கேடட்டுக்கு அது பேரிங். கிழக்கு 90, தெற்கு 180, மேற்கு 270. "ஷூட் அன் அசிமுத்" என்றால் திசைமானியைக் கண்ணருகே வைத்து, தூரத்தில் ஒரு பொருளைக் குறி பார்த்து அதன் கோணத்தைப் படிப்பது. துப்பாக்கிக்கு அதில் வேலையில்லை. திரும்பி வருவதற்கான கோணம் பேக் அசிமுத்: 180-க்குள் இருந்தால் 180-ஐக் கூட்டுங்கள், அதற்கு மேல் இருந்தால் கழியுங்கள். 40-ல் போனவர் 220-ல் திரும்புவார்.

அமெரிக்க ராணுவத்தின் லென்சாடிக் திசைமானியில் இரண்டு வளைய எண்கள் இருக்கும். உள்ளே சிவப்பில் டிகிரி, வெளியே கறுப்பில் மில் (கோணத்துக்கு இன்னொரு அளவு, பின்னால் சொல்கிறேன்). மேல் வளையத்தைத் திருப்பினால் டக், டக் என்று விரலுக்குத் தெரியும், ஒரு டக்குக்கு 3 டிகிரி. இருட்டில் விளக்குப் போடாமல் 51 டிகிரி வைக்க வேண்டுமா, 17 டக். இந்தச் சத்தத்தையும் கிலோமீட்டர் கிளிக்கையும் போட்டுக் குழப்பிக்கொள்ளாதீர்கள், இரண்டும் வேறு.

இரும்பு பக்கத்தில் இருந்தால் முள் பொய் சொல்லும். உயர் அழுத்த மின்கம்பி என்றால் 55 மீட்டர், லாரி என்றால் 18 மீட்டர் தள்ளி நின்று படிக்க வேண்டும் என்பது அவர்கள் கணக்கு. நாம் கூடுதலாகக் கவனிக்க வேண்டியது கையில் இருக்கும் செல்போன், காந்தம் வைத்த அதன் உறை, இரும்புக் காப்பு.

அப்புறம் வடக்கு. வரைபடக் கோட்டின் வடக்கும் காந்த முள்ளின் வடக்கும் ஒன்றல்ல, இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் ஜி.எம். (கிரிட்-மேக்னெட்டிக்) ஆங்கிள். அமெரிக்காவில் இது பெரிய தலைவலி, மெய்ன் மாநிலத்தில் முள் ஏறத்தாழ 15 டிகிரி மேற்கே சாயும், மறுகோடியில் வாஷிங்டன் மாநிலத்தில் ஏறத்தாழ 15 டிகிரி கிழக்கே. அதைக் கவனிக்காமல் ஒரு கிளிக் நடந்தால் 260 மீட்டருக்கு மேல் விலகிப் போய்விடுவீர்கள். மேற்கே சாய்ந்தால் வரைபடக் கோணத்தோடு கூட்டி, கிழக்கே சாய்ந்தால் கழித்துத் திசைமானியில் வைக்க வேண்டும். தமிழ்நாட்டில் அந்தச் சாய்வு ஓரிரண்டு டிகிரிதான் என்பதால் பழகுகிற காலத்தில் அதை விட்டுவிடலாம், ஆனால் இமயமலைக்கோ வெளிநாட்டுக்கோ போகும்போது வரைபடத்தின் ஓரத்தில் போட்டிருக்கும் குறிப்பைக் கட்டாயம் பாருங்கள்.

நடக்கும்போது: இதுதான் முக்கியமான இடம்

இரண்டு விதமாக நடக்கலாம். கோணத்தையும் காலடி எண்ணிக்கையையும் மட்டுமே நம்பி நேர்கோட்டில் போவது டெட் ரெகனிங். வரைபடத்தில் உள்ள குன்று, ஓடை, பாதையைக் கண்ணெதிரே ஒவ்வொன்றாகப் பொருத்திப் பார்த்துக்கொண்டே போவது டெரெய்ன் அசோசியேஷன். இரண்டாவதுதான் வேகம், தவறினாலும் சீக்கிரம் திருத்திக்கொள்ளலாம். முதலாவது இருட்டுக்கும் பனிமூட்டத்துக்கும் அடையாளமே இல்லாத சமவெளிக்கும். புதியவர்கள் ஏதாவது ஒன்றை மட்டும் பிடித்துக்கொள்கிறார்கள், நல்ல வழிகாட்டி ஒரே பயணத்தில் நாலைந்து தடவை மாற்றி மாற்றிப் போடுவார்.

அமெரிக்கப் படைப்பிரிவில் இந்த வேலையைப் பிரித்தும் கொடுப்பார்கள். ஒருவர் திசைமானியைப் பார்ப்பார், அவர் காம்பஸ் மேன். இன்னொருவர் காலடி எண்ணுவார், அவர் பேஸ் மேன், பல சமயம் இரண்டு பேர் தனித்தனியாக எண்ணிச் சராசரி எடுப்பார்கள். நண்பர்களோடு போகிறவர்கள் அப்படியே செய்யலாம். எண்ணுகிறவரிடம் யாரும் பேச்சுக் கொடுக்கக் கூடாது.

நேர்கோட்டில் போக முள்ளையே பார்த்துக்கொண்டு நடக்காதீர்கள். 40 டிகிரி என்றால் அந்தத் திசையில் தெரிகிற ஒரு தனிப் பனையையோ வெள்ளைப் பாறையையோ குறி வைத்து, திசைமானியை மூடிவிட்டு அதை நோக்கி நடந்து, அங்கே போய் அடுத்த குறியை எடுங்கள்.

வழியில் சீமைக் கருவேலங்காடு குறுக்கிட்டால்? பாக்ஸிங் செய்ய வேண்டும், அதாவது பெட்டி போலச் சுற்றிப் போவது. 40-ல் வந்தவர் வலப்பக்கம் 90 டிகிரி திரும்பி 130-ல், காடு முடியும் வரை, காலடி 50 என்று வைத்துக்கொள்வோம், நடக்கிறார். திரும்ப 40-க்கு வந்து காட்டைக் கடக்கிறார். பிறகு இடப்பக்கம் 310-ல் அதே 50 காலடி. மறுபடி 40. இதில் நடுவில் 40-ல் நடந்தது மட்டும்தான் பயணக் கணக்கில் சேரும், பக்கவாட்டில் நடந்த அந்த இரண்டு 50-ஐயும் மணியில் சேர்க்கக் கூடாது. முள்ளும் கொடியும் சட்டையைப் பிடித்து இழுத்து நிறுத்துகிற புதருக்கு அமெரிக்கச் சிப்பாய்கள் வைத்த பெயர் "வெய்ட் எ மினிட்" கொடி. அதற்குள் புகுந்து போனால் காலடிக் கணக்கு அங்கேயே செத்துவிடும், சுற்றிப் போவதே மேல்.

இனி நான்கு சொற்கள். கிளிக்கை மறந்தாலும் இவற்றை மறக்காதீர்கள்.

ஹேண்ட்ரெயில் என்பது நாம் போகிற திசையிலேயே கூட வருகிற ஏதாவது ஒன்று: வாய்க்கால், மின்கம்பி வரிசை, ரயில் பாதை, மலைமுகடு. மாடிப்படிக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு இறங்குவதைப் போல அதை ஒட்டியே நடந்தால் முள்ளைப் பார்க்கவே தேவையில்லை. பேக்ஸ்டாப் என்பது சேர வேண்டிய இடத்துக்கு அப்பால் குறுக்கே கிடக்கிற ஒன்று. "கண்மாய்க் கரை வந்துவிட்டால் கோயிலைத் தாண்டிவிட்டோம்" என்று கிளம்பும்போதே சொல்லி வைத்துக்கொண்டால், எவ்வளவு கவனம் பிசகினாலும் அந்தக் கரை உங்களை நிறுத்திவிடும். பேக்ஸ்டாப் இல்லாத வழியை நான் புதியவர்களுக்குச் சொல்லவே மாட்டேன். அட்டாக் பாயிண்ட் என்பது சேர வேண்டிய இடத்துக்குப் பக்கத்தில், கண்டுபிடிக்கச் சுலபமான ஓர் இடம், பாலமோ சாலை வளைவோ. அதுவரை வேகமாகப் போய்விட்டு, அங்கிருந்துதான் கோணமும் காலடியும் பார்த்து நிதானமாகப் போக வேண்டும். இரண்டு கிளிக் எண்ணி வருவதைவிட, பாலத்திலிருந்து 200 மீட்டர் எண்ணுவதில் பிசகு எவ்வளவோ குறைவு.

நான்காவது எய்மிங் ஆஃப், அதாவது வேண்டுமென்றே ஒரு பக்கமாகத் தள்ளிக் குறி வைப்பது. ஒன்றரை கிளிக் தள்ளி ஓர் ஓடை, அதன் மேல் ஒரு சின்னப் பாலம். பாலத்துக்கே நேராகக் குறி வைத்துப் போகிறீர்கள், 3 டிகிரி பிசகினால் கிட்டத்தட்ட 80 மீட்டர் விலகல். ஓடைக்கு வந்துவிட்டீர்கள், பாலத்தைக் காணோம். இடப்பக்கமா வலப்பக்கமா? தெரியாது. அதனால் கிளம்பும்போதே 5 டிகிரி வலப்பக்கம் தள்ளிக் குறி வைத்தால் ஓடையை அடையும் இடம் பாலத்துக்கு 130 மீட்டர் வலப்பக்கம், நடையில் 3 டிகிரி பிசகினாலும் வலப்பக்கத்தில்தான் வந்து சேர்வீர்கள். யோசிக்காமல் இடப்பக்கம் திரும்பி ஓடையோரமாக நடந்தால் பாலம்.

கண்ணால் தூரம் சொல்வது

எதிரே தெரிகிற பொருள் எவ்வளவு தூரம்? அமெரிக்கச் சிப்பாய் ஃபுட்பால் மைதானத்தை மனதில் கிடத்தி எண்ணுவார், அவர்கள் ஊர் மைதானம் கோட்டுக்குக் கோடு 100 கெஜம். நமக்குக் கிரிக்கெட் பிட்ச் கண்ணிலேயே இருக்கிறது, நீளம் 20.12 மீட்டர். ஐந்து பிட்சை வரிசையாகப் போட்டால் 100 மீட்டர். இந்த முறை 500 மீட்டர் வரை சரியாக வரும். அதற்கு மேல் என்றால் பாதி வழியில் ஒரு மரத்தைத் தேர்ந்தெடுத்து, அதுவரை எண்ணி இரண்டால் பெருக்குங்கள். வெயில் உங்கள் முதுகுப் பக்கமிருந்து அடித்தால் பொருள் கிட்டே தெரியும், மங்கலான வெளிச்சத்தில் எட்டத் தெரியும், பெரும்பகுதி கண்ணுக்கு மறைந்திருக்கும் பள்ளத்துக்கு மறுபக்கம் இருப்பதும் கிட்டேதான் தெரியும்.

இன்னும் துல்லியம் வேண்டுமென்றால் மில். ஒரு வட்டத்தை 6400 பாகமாகப் பிரித்தால் ஒரு பாகம் ஒரு மில். அதன் அழகு என்னவென்றால், 1 கிளிக் தூரத்தில் 1 மில் என்பது ஏறத்தாழ 1 மீட்டர் அகலம். அகலம் தெரிந்த பொருள் எத்தனை மில் மறைக்கிறது என்று பார்த்து, அகலத்தை மில்லால் வகுத்தால் தூரம் கிளிக்கில் வந்துவிடும். 60 மீட்டர் நீளமுள்ள பள்ளிக் கட்டடம், கையை முழுக்க நீட்டி ஒற்றை ஆள்காட்டி விரலால் மறைந்துவிடுகிறது. ஒரு விரல் 30 மில். 60-ஐ 30-ஆல் வகுத்தால் இரண்டு கிளிக். இரண்டு விரல் 70, மூன்று 100, நான்கு 125, முஷ்டி 180, கட்டை விரலிலிருந்து சுண்டு விரல் வரை விரித்த கை 300. இவை ராணுவப் பாடத்தில் உள்ள எண்கள், உங்கள் கைக்குக் கொஞ்சம் கூடக் குறைய இருக்கும், தூரமும் நீளமும் தெரிந்த கட்டடத்தின் முன்னால் நின்று உங்கள் விரலுக்கான எண்ணைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

வெளிச்சத்தைப் பார்த்துவிட்டுச் சத்தத்துக்காக எண்ணுவது ஃபிளாஷ் டு பேங். பீரங்கிக்குச் சொன்னது, மின்னலுக்கும் கோயில் வாண வேடிக்கைக்கும் பொருந்தும். நம்மூர்ச் சூட்டில் ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 350 மீட்டர் போகும், ஆகவே மூன்று விநாடிக்கு ஒரு கிளிக். மலை மேல் இருக்கும்போது இடி பத்து கிளிக்குக்குள், அதாவது மின்னலுக்குப் பிறகு 30 விநாடிக்குள் கேட்டால் பயிற்சியை நிறுத்திவிட்டு இறங்கிவிடுங்கள்.

ரேடியோவில் கேட்கிற மற்ற சில

"ஃபைவ் மைக்ஸ்" என்றால் ஐந்து நிமிடம், தூரம் இல்லை. "மைக் மைக்" என்று இரண்டு தடவை வந்தால் மில்லிமீட்டர், குண்டின் அளவு. "ஆஸ்கர் மைக்" என்றால் கிளம்பிவிட்டோம், நகர்ந்துகொண்டிருக்கிறோம். "த்ரீ ஓ கிளாக்" என்றால் நேர் முன்னால் இருப்பதைப் பன்னிரண்டாக வைத்து வலக்கைப் பக்கம். "டேஞ்சர் க்ளோஸ்" என்பது தூரம் சம்பந்தப்பட்டதுதான்: பீரங்கி, மார்ட்டர் குண்டு விழும் இடத்துக்கு 600 மீட்டருக்குள் நம் ஆட்களே இருக்கிறார்கள் என்கிற எச்சரிக்கை. மூட்டையோடு நீண்ட நடை ரக் மார்ச், பிரிட்டிஷ் தரைப்படைக்கு அது டேப், அவர்களுடைய ராயல் மரீன்களுக்கு (கடற்படையைச் சேர்ந்த காலாட்படை) யாம்ப். 1982 ஃபாக்லாந்து போரில் மரீன்கள் 80 பவுண்டு மூட்டையோடு மூன்று நாளில் 56 மைல் நடந்த பிறகுதான் அந்தச் சொல் செய்தித்தாள்களுக்கு வந்தது.

நேரத்தைக் கணக்குப் போட பிரிட்டிஷ்காரர்கள் பயன்படுத்தும் நெய்ஸ்மித் விதி 1892-ல் வந்தது, இன்றைக்கும் உதவுகிறது. 5 கிளிக்குக்கு ஒரு மணி நேரம், அதன் மேல் 600 மீட்டர் ஏற்றத்துக்கு ஒரு மணி நேரம் கூடுதல். நம் வெயிலுக்கு இன்னும் கொஞ்சம் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வழி தப்பிவிட்டால்

நில்லுங்கள். இன்னும் கொஞ்சம் போய்ப் பார்ப்போம் என்பதுதான் ஆட்களைத் தொலைத்துவிடுகிறது. மணியைப் பாருங்கள், கடைசியாக உறுதியாகத் தெரிந்த இடத்திலிருந்து எத்தனை நூறு மீட்டர் வந்திருக்கிறீர்கள் என்று அது சொல்லும். அடையாளம் தெரிகிற இரண்டு பொருள் கண்ணில் பட்டால், ஒரு குன்றும் ஒரு கோபுரமும் போதும், இரண்டுக்கும் அசிமுத் எடுத்து, அவற்றின் பேக் அசிமுத்தை வரைபடத்தில் அந்தந்தப் பொருளிலிருந்து கோடாக இழுங்கள். கோடுகள் வெட்டும் இடத்தில் நீங்கள் நிற்கிறீர்கள். இது ரிசெக்ஷன். எதுவும் தெரியவில்லையென்றால் பேக் அசிமுத்தில் கடைசி இடத்துக்கே திரும்பிவிடுங்கள்.

முதல் பயிற்சி

ஊருக்கு வெளியே, அறுவடை முடிந்த வயலோ பொட்டல் காடோ போதும். வனத்துறைக் காப்புக்காடு என்றால் அனுமதி வாங்காமல் நுழைய வேண்டாம், ராணுவ நிலத்துப் பக்கமே போக வேண்டாம்.

தரையில் ஒரு செங்கல்லை வையுங்கள். அங்கிருந்து 360 டிகிரியில் 100 மீட்டர், பிறகு 90-ல் 100, 180-ல் 100, 270-ல் 100. கண்ணைத் திசைமானியிலும் குறியிலும் மட்டும் வைத்து, செங்கல்லைத் தேடாமல் நடந்து நின்ற இடத்திலிருந்து அதற்கு எவ்வளவு தூரம் என்று அளந்து எழுதுங்கள். பத்து மீட்டருக்குள் வந்தால் நல்ல தொடக்கம். அதற்கு மேல் விலகினால், நாலு பக்கத்திலும் ஒரே மாதிரி திசைமானியைப் பிடித்தோமா, ஒரே மாதிரி காலடி வைத்தோமா என்று பாருங்கள். சதுரத்தை 300 மீட்டருக்குப் பெரிதாக்குங்கள், அப்புறம் பையில் சுமை ஏற்றுங்கள். அதுவும் கைக்கு வந்த பிறகு, பௌர்ணமிக்கு அடுத்தடுத்த நாளில் ஒரு துணையைக் கூட்டிக்கொண்டு, டார்ச்சை அணைத்து, நோட்டில் எழுதி வைத்த இரவு எண்ணைக் கொண்டு அதே சதுரத்தை நடந்து பாருங்கள்.